படுக்கையில் ஒரு கத்தி: சர்ரியல் குறும்படத்துக்கு ஓர் எளிய அறிமுகம்

ஒரு குறும்படம் தலைகால் புரியாமல் இருந்தால் அதற்குச் 'சர்ரியல்' என்று பெயர் வைத்துவிடுவது வழக்கமாகிவிட்டது. மங்கலான வெளிச்சம், தலைவிரித்த பெண், உடைந்த பொம்மை, பின்னணியில் காதைத் துளைக்கும் ஒரு ரீங்காரம் இருந்தால் போதும், சர்ரியல். கதை கோர்வையாக இல்லாவிட்டால் அதுவும் சர்ரியல். மாய யதார்த்தவாதத்தையும் (மாயம் அன்றாட வாழ்வின் பகுதியாகவே வரும் கதைமுறை) இதையும் ஒரே கூடையில் போட்டுக் குழப்புவது தனிக்கதை.

இந்தக் குழப்பத்தால் இரண்டு பக்கமும் நஷ்டம். பார்ப்பவர், தனக்குத்தான் புத்தி எட்டவில்லை என்று ஒதுங்கிவிடுகிறார். எடுப்பவரோ, இந்த வகையில் எதை வேண்டுமானாலும் எதோடும் ஒட்டலாம் என்று நம்பி இறங்கிவிடுகிறார். உண்மையில், ஒரு பெண்ணின் மனசுக்குள் இருக்கும் அமைதியின்மையைத் திரையில் கொண்டுவருவது கணக்கான வேலை. சாதாரணக் கதைப்படத்தைவிட இங்கே கணக்கு இன்னும் கறாராக இருக்கவேண்டும். ஏன் என்பதுதான் இந்தக் கட்டுரை.

அதற்கு ஒரே ஒரு படத்தைக் கையில் எடுத்துக்கொள்வோம். அமெரிக்காவில் 1943இல் எடுக்கப்பட்ட, 14 நிமிடம் ஓடும் 'மெஷஸ் ஆஃப் தி ஆஃப்டர்நூன்'. மெஷ் என்றால் வலைக்கண்ணி. 'பிற்பகலின் வலைக்கண்ணிகள்' என்று தமிழில் வைத்துக்கொள்ளலாம்.

பாட்டி வீட்டுக் கதவுக்குப் பின்னால் பரீட்சை ஹால்

ஒரு கனவு. பாட்டி வீட்டு அடுக்களைக் கதவைத் தள்ளுகிறீர்கள். உள்ளே பத்தாம் வகுப்புப் பரீட்சை ஹால். எல்லாரும் மும்முரமாக எழுதிக்கொண்டிருக்கிறார்கள். உங்களிடம் ஹால் டிக்கெட் இல்லை. வயிற்றைப் பிசைகிறது. அடுக்களைக்குள் பரீட்சை ஹால் எப்படி வந்தது என்ற கேள்வி மட்டும் கனவில் எழுவதே இல்லை. விழித்துப் பல் தேய்க்கும்போதுதான் அது உறைக்கிறது.

அந்தக் கனவில் கதவு அச்சு அசல் பாட்டி வீட்டுக் கதவு. தாழ்ப்பாள்கூட அதே தாழ்ப்பாள். ஹாலும் நீங்கள் பரீட்சை எழுதிய அதே ஹால். பொய் எதுவும் இல்லை. இரண்டும் சேரும் இணைப்பு ஒன்றுதான் நடக்க முடியாதது. பயமும் பொய்யில்லை, நெஞ்சு நிஜமாகவே அடித்துக்கொள்கிறது. துல்லியமான துண்டுகள், நடக்க முடியாத இணைப்பு, நிஜமான உணர்ச்சி. சர்ரியல் படத்தின் மொத்த இயந்திரமும் இவ்வளவுதான்.

நாம் விழித்திருக்கும்போது நமக்கே தெரியாமல் வேலை செய்துகொண்டிருக்கும் மனப்பகுதிக்கு நனவிலி மனம் என்று பெயர். கனவு அங்கிருந்து வருகிறது என்று சிக்மண்ட் ஃபிராய்ட் வியன்னாவில் எழுதிய புத்தகம் 1899 இறுதியில் வெளிவந்தது. கலைக்கான சுரங்கம் அங்கேதான் இருக்கிறது என்று பாரிஸில் ஓர் இளைஞர் கூட்டம் பற்றிக்கொண்டது. சர்ரியலிசம் என்பது அவர்களுடைய இயக்கம்: அறிவின் காவலை விலக்கி, கனவின் தர்க்கத்தையே கலையின் தர்க்கமாக வைப்பது. சொல்லை 1917இல் உருவாக்கியவர் கவிஞர் கியோம் அப்போலினேர். 1924இல் அறிக்கை எழுதி இயக்கமாக்கியவர் ஆந்த்ரே பிரெத்தோன். ஆக, 'சர்ரியல்' என்ற சொல்லுக்கு 'புரியாதது' என்ற பொருள் ஒருபோதும் இருந்ததில்லை. யதார்த்தத்துக்கு மேலும் ஓர் அடுக்கு உண்டு, அதுவும் யதார்த்தமே என்பதுதான் அவர்கள் சொன்னது.

அரிவாள்மனை எங்கே இருக்கிறது?

அடுக்களையில் அரிவாள்மனை இருக்கிறது. குழந்தை தவழும் வீடாக இருந்தாலொழிய யாருக்கும் அதைப் பார்த்துப் பயமில்லை. அதே அரிவாள்மனை, இரவு படுக்கப்போகும்போது போர்வையை விலக்கினால் மெத்தை நடுவே இருக்கிறது என்று வைத்துக்கொள்ளுங்கள். ரத்தம் இல்லை, சத்தம் இல்லை, ஆளும் இல்லை. முதுகு சில்லிடுகிறது.

பொருள் மாறவில்லை, இடம் மாறியிருக்கிறது. மிரட்டுவது அரிவாள்மனை இல்லை; 'இதை யார் இங்கே வைத்தது?' என்று நம் மனம் தொடங்கும் விசாரணைதான். வீட்டில் வேறு யாரும் இல்லை என்றால் அந்த விசாரணை கடைசியில் நம்மிடமே வந்து நிற்கும். 'நானே வைத்தேனா?' என்ற அந்தக் கேள்விதான் அமைதியின்மை.

உடைந்த பொம்மையும் மண்டையோடும் இதைச் செய்யாததற்குக் காரணமும் இதுவே. அவை முதலிலிருந்தே பயமுறுத்தும் வேலைக்கு வந்தவை. பார்ப்பவர் அவற்றைக் கண்டதும் தயாராகிவிடுகிறார். சாவி, ரொட்டி, டெலிபோன், ஒரு பூ போன்றவற்றை எதிர்கொள்ள யாரும் தயாராக இருப்பதில்லை.

ஒரு வீடு, இரண்டு பேர்

படத்தை எடுத்தவர்கள் மாயா டேரனும் அவர் கணவர் அலெக்சாண்டர் ஹமிதும். டேரன் 1917இல் உக்ரைனின் கீவ் நகரில் பிறந்தவர். இயற்பெயர் எலியனோரா. யூதர்கள் மீதான வன்முறைக்குத் தப்பி, குடும்பம் 1922இல் அமெரிக்கா சென்றது. அப்பா மனநல மருத்துவர். மாயா என்ற பெயரை 1943 வாக்கில்தான் சூட்டிக்கொண்டார். புத்தரின் தாயின் பெயர் அது. நாம் மாயை என்கிறோமே, அந்தச் சொல்லும் அதுதான். ஹமித் செக் நாட்டு ஒளிப்பதிவாளர். 1930இல் பிராகில் அவர் எடுத்த ஒரு குறும்படத்திலேயே நடந்துபோகும் ஒரு மனிதன் இரண்டாகப் பிரிகிறான். மெஷஸ் படத்தின் முக்கியமான உத்தி ஒன்றுக்கு விதை அங்கே கிடக்கிறது.

லாஸ் ஏஞ்சலஸில், ஹாலிவுட் குன்றுகளில் இருந்த தங்கள் வீட்டிலேயே படத்தை எடுத்தார்கள். பழைய 16 மில்லிமீட்டர் போலெக்ஸ் கேமரா ஒன்று, வீட்டில் கிடந்த சாமான்கள், நடிக்கத் தாங்கள் இருவர். செலவு 275 டாலர் அளவில்தான். ஊமைப்படமாகவே வெளிவந்தது. இப்போது நாம் கேட்கும் இசையை டெய்ஜி இட்டோ 1959இல் சேர்த்தார். 1990இல் அமெரிக்க தேசியத் திரைப்படப் பதிவேட்டில் இடம்பெற்றது.

படத்தில் நடப்பது இது. ஒரு பெண் சாலையில் கிடக்கும் பூவை எடுத்துக்கொண்டு வீட்டுக்கு வருகிறாள். சாலை வளைவில் யாரோ மறைகிறார்கள். கதவைத் தட்டுகிறாள், பதிலில்லை. சாவியை எடுக்கிறாள், அது கைநழுவிப் படிக்கட்டில் துள்ளி விழுகிறது. உள்ளே தரையில் செய்தித்தாள். மேஜையில் ரொட்டி, அதில் செருகியிருந்த கத்தி நழுவி விழுகிறது. மாடிப்படியில் ரிசீவர் எடுத்துவைத்த டெலிபோன். மாடியில் யாருமில்லாமல் சுழலும் இசைத்தட்டு. அதை நிறுத்திவிட்டு, கீழே வந்து, ஜன்னலோரச் சாய்வு நாற்காலியில் தூங்கிப்போகிறாள்.

பிறகு அதே வருகை திரும்ப நடக்கிறது. மீண்டும் நடக்கிறது. ஒவ்வொரு தடவையும் சாலையில் கறுப்பு அங்கி போட்ட ஓர் உருவம் பூவோடு போகிறது. அதற்கு முகம் இருக்கவேண்டிய இடத்தில் முகம் பார்க்கும் கண்ணாடி. அது நிதானமாக நடக்கிறது, இவள் ஓடுகிறாள், எட்டிப்பிடிக்க முடியவில்லை. டெலிபோன் இருந்த படியில் இப்போது கத்தி. போர்வையை விலக்கினால் படுக்கையிலும் கத்தி. ஜன்னல் வழியே பார்த்தால், கீழே சாலையில் அவளே ஓடிக்கொண்டிருக்கிறாள். வாயிலிருந்து சாவியை எடுக்கிறாள். கடைசியில் அவளே மூன்று பேராக ஒரே மேஜையைச் சுற்றி உட்கார, ஒருத்தியின் கையில் சாவி கத்தியாகிறது. அவள் எழுந்து, தூங்குகிற தன்னையே குத்தப் போகிறாள்.

இப்படத்தைச் சர்ரியல் என்று வகைப்படுத்துவதை டேரன் கடைசிவரை ஏற்கவில்லை என்பதையும் சொல்லிவிடவேண்டும். நனவிலி மனம் தானாகக் கொட்டுவதைப் பிடித்துவைப்பது சர்ரியலிஸ்டுகளின் வழி. தன் வேலையோ முழு விழிப்போடு கட்டிய கட்டுமானம் என்பது அவர் வாதம். உலகம் கேட்கவில்லை, அந்த வரிசையிலேயே வைத்துப் பார்க்கிறது. நமக்கு அதில் ஒரு வசதி உண்டு: திட்டமிட்டுக் கட்டியதைத்தானே பிரித்துப் பார்க்க முடியும்.

திரும்ப நடப்பது, ஆனால் அப்படியே இல்லை

முதல் சுற்றில் பெண்ணின் முகம் முழுதாகக் காட்டப்படுவதே இல்லை. நிழல், கால், கை, கையில் பூ. பாதி நேரம் கேமரா அவள் கண்ணாகவே இருக்கிறது. ஒரு பாத்திரம் பார்ப்பதை அவர் கண் இருக்கும் இடத்திலிருந்தே காட்டும் ஷாட்டுக்குப் பார்வைநிலை ஷாட் என்று பெயர். (ஷாட் என்பது கேமரா ஓடத் தொடங்கி நிற்கும்வரை பதிவாகும் ஒரு துண்டு.) ரொட்டி, டெலிபோன், இசைத்தட்டு எல்லாவற்றையும் நாம் அவளாக இருந்தே பார்க்கிறோம். வீடு நமக்கு மனப்பாடமாகிவிடுகிறது.

இந்த மனப்பாடம்தான் முதலீடு. டெலிபோன் எந்தப் படியில் இருந்தது என்று நமக்குத் தெரிந்திருந்தால்தான், அங்கே கத்தி கிடப்பதைப் பார்த்ததும் உறுத்தும். கோலம் தெரிந்தவருக்குத்தான் ஒரு புள்ளி தப்பினால் கண்ணில் படும். புதிதாக எடுப்பவர்கள் பெரும்பாலும் சறுக்குவது இங்கே. முதல் ஷாட்டிலேயே விசித்திரத்தைத் தொடங்கிவிடுகிறார்கள். எது இயல்பு என்று தெரியாதவருக்கு எது பிறழ்வு என்று எப்படித் தெரியும்? 14 நிமிடப் படத்தில் சில நிமிடங்களை இந்த வீட்டைப் பழக்கவே செலவிட்டிருக்கிறார்கள்.

ஒவ்வொரு சுற்றிலும் எல்லாம் மாறுவதில்லை என்பதும் முக்கியம். சாலை அதே, படி அதே, கதவு அதே. ஒன்றிரண்டு பொருள் மட்டும் இடம் பெயர்கிறது. பத்தில் எட்டு மாறாமல் இருந்தால்தான் மாறிய இரண்டுக்குக் கனம் வரும்.

இதுவரை பார்த்தது: முதலில் பழக்கு, பிறகு ஒன்றை மட்டும் நகர்த்து, காரணம் சொல்லாதே.

நான்கு அடி

படத்தில் மிகச் சிறந்த இடம் சில நொடிகள்தான் நீடிக்கிறது. கையில் கத்தியோடு மேஜையிலிருந்து எழும் பெண், தூங்குகிறவளை நோக்கி நடக்கிறாள். அறைக்குள் நாலைந்து அடிதான் தூரம். முதல் அடி கடற்கரை மணலில் விழுகிறது. அடுத்தது புல்லில். அடுத்தது நடைபாதையில். கடைசி அடி வீட்டுக் கம்பளத்தில்.

இதை நம் கண் எப்படி ஏற்றுக்கொள்கிறது? ஒரு ஷாட்டை முடித்து அடுத்ததை ஒட்டும் இடத்துக்குக் கட் என்று பெயர். ஓர் அசைவு முதல் ஷாட்டில் தொடங்கி அடுத்த ஷாட்டில் முடியுமானால் அது அசைவுத் தொடர்ச்சி. சாதாரணப் படத்தில் கதவைத் திறக்கும் கையை வெளியிலிருந்து காட்டிவிட்டு, மீதித் திறப்பை உள்ளேயிருந்து காட்டுவார்களே, அதுதான். அசைவு அறுபடாதவரை 'இது ஒரே நேரம், ஒரே இடம்' என்று மூளை முடிவுகட்டிவிடும்.

டேரன் இந்தப் பழக்கத்தையே நெம்புகோலாக்கினார். அசைவு அறுபடவில்லை, இடம் மட்டும் அறுபடுகிறது. மூளை இரண்டையும் நம்பவேண்டியிருக்கிறது: ஒரே நடை, நான்கு நிலம். பாட்டி வீட்டுக் கதவும் பரீட்சை ஹாலும் சேர்ந்த அதே இணைப்பு இங்கே கத்தரியாலும் ஒட்டுநாடாவாலும் செய்யப்பட்டிருக்கிறது. தன்னைத்தானே கொல்ல ஒருவர் உயிர் தோன்றிய கடலிலிருந்து புறப்பட்டு வெகுதூரம் வரவேண்டியிருக்கிறது என்பதே அதன் கருத்து என்று டேரன் பின்னாளில் எழுதினார். அது தெரியாவிட்டாலும் குறையில்லை. நான்கு அடி நடந்த களைப்பு இல்லை, நெடுந்தூரம் நடந்த களைப்பு பார்ப்பவருக்கு வந்துவிடுகிறது.

மாடிப்படியில் அவள் தள்ளாடும் காட்சியிலும் இதே மாதிரிக் கறார்தான். வீடு கப்பலைப் போல ஆடுவதாகத் தெரிகிறது. வீடு ஆடவில்லை. கேமராவைக் கையில் வைத்துச் சீராக இடவலம் சாய்க்கவேண்டும், நடிப்பவர் அதே தாளத்தில் சுவரோடு போய் மோதவேண்டும். இரண்டு தாளமும் ஒத்துப்போனால் சுவர் ஆடும். அரை நொடி பிசகினால், ஆடுவது கேமராதான் என்று குட்டு வெளிப்பட்டுவிடும்.

சாவி படியில் மெதுவாகத் துள்ளி விழுவது ஸ்லோ மோஷன். 16 மில்லிமீட்டர் ஃபிலிம் ஒலிப்படத்துக்கு நொடிக்கு 24 படச்சட்டமாக ஓடும். போலெக்ஸ் கேமராவில் 64 வரை ஏற்றலாம். 64இல் எடுத்து 24இல் ஓட்டினால் ஒரு நொடி விழுவது கிட்டத்தட்ட 2.7 நொடிக்கு நீளும். அந்தக் கேமரா கடிகாரத்தைப் போலச் சாவி கொடுத்து ஓட்டும் சுருள்வில் வகை. ஒரு முழு முறுக்குக்கு 24 வேகத்தில் சுமார் 28 நொடிதான் ஓடும். 100 அடிச் சுருள் 2 நிமிடம் 46 நொடியில் தீர்ந்துவிடும். ஷாட்டுகள் சின்னதாக, எண்ணி எடுத்தவையாக இருப்பதில் இந்தக் கருவிக்கும் பங்குண்டு.

ஒருத்தியே மூவராக உட்காருவது

மேஜைக் காட்சியில் கணினி கிடையாது. லென்ஸின் ஒரு பகுதியைக் கறுப்பு அட்டையால் மறைத்து, திறந்த பகுதியில் மட்டும் நடிப்பவரைப் பதிவுசெய்யவேண்டும். பிறகு ஃபிலிமைத் தொடங்கிய இடத்துக்கே பின்னால் சுற்றி, மறைத்ததைத் திறந்து, திறந்ததை மறைத்து, நாற்காலி மாறி உட்கார்ந்து மறுபடி பதிவுசெய்யவேண்டும். இதுதான் மறைப்பு முறை. லேபில் கழுவி வரும்வரை சரியாக வந்ததா என்று தெரியாது.

உத்தியைவிட, அது என்ன சொல்கிறது என்பது பெரிது. 'அவளுக்கு மனசுக்குள் போராட்டம்' என்று வசனம் எழுதலாம், கேட்டவுடன் மறந்துபோகும். இங்கே மூன்று பேரும் ஒரே முகம், யாரும் பேசவில்லை, சாவி கைமாறுகிறது, யாருக்குக் கத்தி வாய்க்கும் என்று பார்க்கிறார்கள். உள்ளே நடக்கும் விவாதம் வெளியே குடும்பப் பஞ்சாயத்தைப் போல உட்கார்ந்திருக்கிறது.

இதைப் போனிலேயே முயன்று பார்க்கலாம். ஸ்டாண்டில் போனைப் பொருத்தி, மேஜை முழுவதும் தெரியும்படி வைத்து, ஃபோகஸ், வெளிச்ச அளவு, வெள்ளைச் சமநிலை (நிறச்சாயலைச் சீராக்கும் அமைப்பு) மூன்றையும் பூட்டிவிடுங்கள். நடுக்கம் குறைக்கும் வசதியை அணைத்துவிடவேண்டும். அணைக்காவிட்டால் ஒவ்வொரு பதிவிலும் சட்டகம் நூலளவு நகர்ந்து, ஒட்டும் இடத்தில் மேஜை விளிம்பு முறிந்து தெரியும். முதலில் ஆள் இல்லாமல் 10 நொடி. பிறகு ஒவ்வொரு நாற்காலியிலும் 40 நொடி. இரண்டு இருக்கைக்கு இடையே ஒரு முழ இடைவெளி விட்டு, பிறகு எடிட்டிங்கில் பதிவுகளை ஒட்டப்போகும் எல்லைக்கோட்டைக் கையோ நிழலோ தாண்டாமல் பார்த்துக்கொள்ளுங்கள். கை தாண்டுவதை எல்லாரும் கவனிப்பார்கள்; நிழல் தாண்டுவதை எடிட்டிங்கில்தான் கண்டுபிடிப்பார்கள். ஜன்னல் வெளிச்சத்தில் எடுத்தால் பத்து நிமிடத்துக்குள் எல்லாம் முடியவேண்டும், மேகம் காத்திருக்காது. விளக்கொளியில் எடுத்தால் ஷட்டர் வேகம் 1/50 அல்லது 1/100 நொடி. நம் மின்சாரம் 50 ஹெர்ட்ஸ் என்பதால் வேறு எண்ணில் விளக்கு மினுக்கலாம்.

அதிகம் சொதப்புவது பார்வை. எதிரே ஆளில்லாத நாற்காலியைப் பார்த்து நடிக்கும்போது கண் காற்றில் அலையும். நடிப்பவர் உட்கார்ந்திருக்கும்போது தரையிலிருந்து கண் எவ்வளவு உயரம் என்று அளந்து, எதிர் நாற்காலியில் ஒரு குச்சியைக் கட்டி அதே உயரத்தில் டேப் ஒட்டுங்கள். ஒருவர் சத்தமாக எண் சொல்லட்டும்: ஐந்தில் முதலாமவள் சாவியை வைக்கிறாள், ஐந்தில் இரண்டாமவள் பார்க்கிறாள். குரலைப் பிறகு நீக்கிக்கொள்ளலாம்.

நான்கு அடிக் காட்சிக்குக் கேமரா தரையிலிருந்து ஒரு சாண் உயரத்தில், எல்லா இடத்திலும் அதே லென்ஸில், கால் எப்போதும் இடமிருந்து வலமாக. மணலில் எழும் கால் உச்சியில் இருக்கும்போது வெட்டி, புல்லில் இறங்கும் காலோடு ஒட்டவேண்டும். ஊன்றிய பிறகு வெட்டினால் நான்கு தனித்தனி ஊர்களில் நான்கு பேர் நடந்த மாதிரி இருக்கும். காலணி, நடைவேகம், வெயில் விழும் பக்கம் மூன்றில் எது மாறினாலும் மாயம் கலைந்துவிடும்.

வாய்க்கால் வேறு, கிணறு வேறு

'சரி, கதை என்ன?' என்று கேட்பவருக்கு டேரனே ஒரு பதில் வைத்திருந்தார். 1953 அக்டோபரில் நியூயார்க்கில் 'சினிமா 16' என்ற திரைப்படச் சங்கம் கவிதையும் சினிமாவும் பற்றி நடத்திய கருத்தரங்கில், கவிஞர் டிலன் தாமஸ், நாடகாசிரியர் ஆர்தர் மில்லர் ஆகியோர் இருந்த மேடையில், இரண்டு வகைக் கட்டமைப்பைப் பிரித்துச் சொன்னார். நாடகம் ஒரு சம்பவத்திலிருந்து அடுத்த சம்பவத்துக்குக் கிடையாக நகர்கிறது. கவிதை ஒரே கணத்தைச் செங்குத்தாகத் தோண்டி, அந்தக் கணம் எப்படி இருந்தது, அதன் பொருள் என்ன என்று இறங்குகிறது.

ஒன்று வாய்க்கால், மற்றது கிணறு. வாய்க்காலைப் பார்த்து 'எங்கே போகிறது?' என்று கேட்கலாம். கிணற்றிடம் கேட்கவேண்டியது 'எவ்வளவு ஆழம்?' என்பது. மெஷஸ் படத்தில் சம்பவம் ஒன்றே ஒன்று: ஒரு பெண் வீட்டுக்கு வந்து தூங்கிவிடுகிறாள். மீதி நிமிடங்கள் அந்த ஒன்றுக்குள் இறங்குபவை. அவளுக்குப் பெயர்கூட இல்லை. தொடர்பு ஏதும் இல்லாவிட்டாலும் ஓர் ஒப்புமை மனசில் வந்து நிற்கிறது: நம் அகத்திணைப் பாடல்களிலும் தலைவிக்குப் பெயர் கிடையாது, தொல்காப்பியம் அதை விதியாகவே வைத்திருக்கிறது. பெயர் வந்துவிட்டால் அது ஒருத்தியின் செய்தி. பெயரில்லாவிட்டால் யார் நெஞ்சிலும் போய் உட்காரும்.

வழக்கமான தவறான வாசிப்புகள்

பூ என்றால் காதல், கத்தி என்றால் சாவு, சாவி என்றால் விடுதலை என்று அகராதி போடுவது முதல் தவறு. அந்தப் படத்திலேயே சாவி கத்தியாகிறது, பூவும் கத்தியாகிறது. ஒரு பொருளுக்கு ஒரே அர்த்தம் என்றால் இந்த மாற்றங்கள் எப்படி நடக்கும்? அர்த்தம் பொருளுக்குள் இல்லை. அது எங்கே வருகிறது, எதற்குப் பிறகு வருகிறது, எதுவாக மாறுகிறது என்பதில் இருக்கிறது. படம் முழுக்கச் சாவியை மட்டும் பின்தொடர்ந்து பாருங்கள், இது தானாகப் புரியும்.

அந்தப் பெண்ணுக்கு மனநோய், படம் அதன் அறிக்கை என்பது அடுத்தது. டேரனின் அப்பா மனநல மருத்துவர் என்பதால் விமர்சகர்களுக்கு இந்த வழி சுலபமாகத் திறந்துகொண்டது. ஃபிராய்டிய விளக்கங்களை டேரன் விரும்பவில்லை. ஒரு சின்னச் சம்பவத்தை நனவிலி மனம் எப்படி ஊதிப் பெருக்கி நெருக்கடியாக்குகிறது என்பதே படம் என்று தன் குறிப்பில் எழுதினார். ராத்திரி இரண்டு மணிக்கு ஒரு பழைய வார்த்தையை நினைத்து நினைத்துப் பெரிதாக்கிக்கொள்ளாதவர் யார்? இது நோயில்லை, மனம் என்ற ஒன்று இருப்பவர் எல்லாருக்கும் வாய்ப்பது.

மாய யதார்த்தவாதத்தோடு குழப்புவதைத் தீர்க்க ஒரு கேள்வி போதும்: பக்கத்து வீட்டுக்காரருக்கும் அது தெரிகிறதா? செத்துப்போன தாத்தா திண்ணையில் வந்து உட்கார்ந்து வெற்றிலை கேட்கிறார், மருமகள் முணுமுணுத்துக்கொண்டே எடுத்துக் கொடுக்கிறாள், ஊர் அதைக் கடந்துபோகிறது என்றால் அது மாய யதார்த்தம். அங்கே மாயம் உலகத்துக்குச் சொந்தம். மெஷஸ் படத்தில் கண்ணாடி முக உருவத்தைப் பார்க்க வேறு சாட்சியே கிடையாது. அது ஒரு மனசுக்கு மட்டும் சொந்தம்.

மிச்சமிருப்பது, 'எல்லாம் கனவுதான்' என்ற வாசிப்பு. நல்ல ரசிகர்களும் இதில்தான் போய் நிற்கிறார்கள். அவள் தூங்கினாள், கனவு கண்டாள், விழித்தாள். படமும் அதற்கு ஒத்தாசை செய்வது போலவே தெரிகிறது. குத்தப்படும் கணத்தில் அவள் கண் திறக்க, எதிரே கணவன். கையில் பூ. மாடிக்கு அழைத்துப் போகிறான். பூ படுக்கையில். அவன் அருகே வர, பூ கத்தியாகிறது; அவள் அதை அவன் முகத்தை நோக்கி வீசுகிறாள். உடைவது முகமில்லை, கண்ணாடி. உடைந்த ஓட்டைக்குப் பின்னால் சுவர் இல்லை, கடல் தெரிகிறது. சில்லுகள் அலை விளிம்பில் விழுகின்றன.

இப்போது படத்தின் முதல் ஷாட்டுக்குத் திரும்புங்கள். துணிக்கடைப் பொம்மையின் கை ஒன்று மேலிருந்து இறங்கிச் சாலையில் பூவை வைத்துவிட்டு மறைகிறது. அவள் இன்னும் தூங்கவில்லை. வீட்டுக்கே வந்து சேரவில்லை. நடக்க முடியாதது கனவுக்கு முன்பே நடந்துவிட்டது.

கடைசிக் காட்சியில் கணவன் சாலையில் அந்தப் பூவை எடுத்துக்கொண்டு, கதவைத் திறந்து வீட்டுக்குள் வருகிறான். நாற்காலியில் அவள் செத்துக் கிடக்கிறாள். மேலே கண்ணாடிச் சில்லுகள், கடற்பாசி. வீடு இருப்பது குன்றின்மேல். அந்தப் பாசி உள்ளே வருவதற்குப் படம் ஒரே ஒரு வழியைத்தான் விட்டுவைத்திருக்கிறது: கண்ணாடி உடைந்த இடம்.